முப்பத்தேழாம் தேதி பெண் பார்க்க வந்தார்கள்

காலண்டர் அச்சடிக்கிற ஊர்ப்பக்கம் பிறந்தவர்களுக்குத் தேதி மேல் பெரிய பயபக்தி இருக்காது. மற்ற ஊர்க்காரர்கள் தை பிறந்த பிறகுதான் தை மாதத்தைப் பார்க்கிறார்கள். நாங்கள் அதை ஆடியிலேயே கட்டுக் கட்டாகப் பார்த்துவிடுவோம். மை காயாத பொங்கல், ஓரம் வெட்டாத சித்திரை, கோணலாக அச்சாகிக் கழித்துப் போட்ட தீபாவளி என்று வருஷமே பருப்புப் பொட்டலமாக வீட்டுக்குள் வரும். அப்படி வளர்ந்த பெண்ணுக்கு, வருஷத்தைக் கடவுள் போடவில்லை, பிரஸ்ஸில் அச்செழுத்துக் கோக்கிற கம்பாசிட்டர்தான் போடுகிறார் என்று தோன்றியதில் என்ன ஆச்சரியம்? அவர் போடும்போது நாமும் ஒன்று போட்டால் என்ன என்று நானும் ஒரு வருஷம் போட்டேன். அதில்தான் என் கல்யாணம் கவிழப் பார்த்தது.

அப்போது அறுபதுகளின் தொடக்கம். விருதுநகரில் எங்கள் அய்யாவுக்கு மல்லி, வத்தல் கமிஷன் கடை. அண்ணன் சிவகாசியில் ஒரு பிரஸ்ஸில் ஆர்டர் பிடிக்கிற வேலையில் இருந்தான். தினமும் பஸ்ஸில் போய் வருவான். நான் எஸ்.எஸ்.எல்.சி. முடித்துவிட்டு 'வீட்டில் இருந்தேன்'. (அந்தக் காலத்தில் அது ஒரு உத்தியோகம். சம்பளம் கிடையாது, விசாரணை மட்டும் உண்டு.)

வீட்டில் இருந்த பெண் சும்மா இருக்கவில்லை. நுரைநாடு என்று ஒரு தேசத்தைப் பற்றிக் கதை எழுத ஆரம்பித்தாள். கடல் நுரையின் மேல் மிதக்கிற தேசம். அங்கே ஒரு ராணி, அவளுக்கு எந்நேரமும் தூக்கம், வானத்தில் இரண்டு நிலா. மூன்றாவது பக்கத்திலேயே ஒரு சிக்கல் வந்தது. ராணி "அடுத்த செவ்வாய்க்கிழமை படை கிளம்பட்டும்" என்று சொல்ல வேண்டும். எனக்குச் செவ்வாய்க்கிழமையே பிடிக்காது. அன்றைக்குத்தான் அம்மா தலையில் எண்ணெயை ஊற்றிச் சீயக்காயைக் கண்ணில் தேய்ப்பாள். நானே படைத்த தேசத்தில் எதற்குச் செவ்வாய்க்கிழமை? தூக்கிவிட்டேன். ஒரு கிழமையைத் தூக்கினால் மற்றவை எல்லாம் ஆட்டம் கண்டுவிட்டன. சரி, மொத்தமாகப் புதுசாகவே போட்டுவிடுவோம் என்று உட்கார்ந்தேன்.

வாரத்துக்கு எட்டுக் கிழமை வைத்தேன். மணல்கிழமை, மீன்கிழமை, மத்தாப்புக்கிழமை இப்படிப் போகும். பெரிய நிலாவும் சின்ன நிலாவும் வானத்தில் ஒன்றையொன்று சந்திக்க நாற்பது நாள் ஆகும். அதுதான் ஒரு மாதம். அப்படி ஒன்பது மாதம். போக ஐந்து நாள் மிஞ்சியது. மிஞ்சின வத்தலை அய்யா தனிச் சாக்கில் போட்டு வைப்பது போல அந்த ஐந்தையும் வருஷக் கடைசியில் தனியாகப் போட்டு, 'பேரில்லா நாட்கள்' என்று எழுதினேன். அந்த நாட்களில் யாரும் யாரையும் ஏசக்கூடாது.

கதை அத்தோடு நின்றுவிட்டது. காலண்டர் நிற்கவில்லை.

அண்ணன் கொண்டுவந்த கழிவுத் தாள்களில் இருந்து சிவப்பும் கறுப்புமான பெரிய எண்களை வெட்டி, மைதாப் பசை காய்ச்சி, தாள் தாளாக ஒட்டினேன். பொடி எழுத்துகளை அச்சு மாதிரியே பேனாவால் எழுதினேன். எல்லாவற்றையும் தைத்து, லட்சுமி படம் போட்ட ஒரு பெரிய அட்டையில் பொருத்தினேன். (கழித்துப் போட்ட அட்டைதான். லட்சுமியின் புடவைச் சிவப்பு மட்டும் புடவையை விட்டு ஒரு நூல் தள்ளி நிற்கும்.) என் அறையில், கதவுக்குப் பின்னால் மாட்டி, தினம் ஒரு தாள் கிழித்து வந்தேன். கொஞ்சம் தள்ளி நின்று பார்த்தால் ஊரில் எல்லார் வீட்டிலும் தொங்குகிற காலண்டர்தான். கிட்டே போனால்தான் வம்பு.

இந்த நிலைமையில்தான் தாயில்பட்டியில் இருந்து வரன் வந்தது. பட்டாசுக் கம்பெனிக்காரர் வீடு, ஒரே பையன். ஆனால் பையனின் அய்யாவைப் பற்றி அண்ணன் விசாரித்து வந்த செய்திதான் எங்களை நடுங்க வைத்தது.

"நேரம் பாக்காம தும்மக்கூட மாட்டாகளாம். அஷ்டமி நவமின்னா லோடு ஏத்த மாட்டாகளாம்."

"வெடிமருந்து கலக்குற தொழில்ல, அப்படித்தான் இருப்பாக," என்றார் அய்யா.

ஒரு புதன்கிழமை காலையில் வருவதாக ஏற்பாடு. விடிந்ததில் இருந்து அம்மா என்னைப் பின்கட்டில் உட்காரவைத்துவிட்டாள். கூடத்தில் நாற்காலி இழுபடுகிற சத்தம், ஆணி அடிக்கிற சத்தம் எல்லாம் கேட்டது. எதற்கு ஆணி என்று கேட்கத் தோன்றவில்லை. மாப்பிள்ளைக்கு என்னைப் பிடிக்காவிட்டால் என்ன செய்வது, பிடித்துவிட்டால் என்ன செய்வது, இரண்டு கவலைகளும் மாறி மாறி வந்துகொண்டிருந்தன.

சொன்ன நேரத்துக்கு அவர்கள் வரவில்லை. அய்யா வாசலுக்கும் கூடத்துக்கும் நடந்து நடந்து வேட்டி கசங்கியது. ஒருவழியாகப் பிளஷர் கார் வந்து நின்றபோது கேட்ட முதல் குரல் அந்த நேரம் பார்க்கிற பெரியவருடையது.

"மன்னிக்கணும் அண்ணாச்சி. ஆமத்தூர்கிட்ட டயர் வெடிச்சிருச்சு. நம்ம சரக்குகூட ஒருநாளும் இம்புட்டு நேர்த்தியா வெடிச்சதில்ல."

எல்லாரும் சிரித்தார்கள். அப்பாடா, மனிதர் பரவாயில்லை என்று நினைத்தேன். (அவசரப்பட்டு நினைத்தேன்.)

காபித் தட்டோடு கூடத்துக்குள் வந்தேன். தலை குனிந்து வர வேண்டும் என்பது அம்மாவின் உத்தரவு. ஆனால் யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்று தெரிந்தால்தானே காபி கொடுக்க முடியும்? ஒரே ஒரு தடவை நிமிர்ந்தேன்.

பெரியவர் சுவரை ஒட்டி உட்கார்ந்திருந்தார். அவர் தலைக்கு நேர் மேலே, சிவப்பு நிறத்தில், தேங்காய்ச் சில்லு அளவு எழுத்தில், தேதி முப்பத்தேழு.

போன மழையில் அந்தச் சுவரில் முறம் அகலத்துக்குக் காரை பெயர்ந்திருந்தது. எங்கள் பழைய காலண்டர் சின்னது, அதை மறைக்காது. அம்மா வீடு முழுக்கத் தேடி, என் கதவுக்குப் பின்னால் இருந்த லட்சுமியைக் கண்டுபிடித்து, கும்பிட்டு, கொண்டுவந்து மாட்டியிருக்கிறாள். லட்சுமியைப் பார்த்தவள் கீழே தேதியைப் பார்க்கவில்லை.

தட்டில் டம்ளர்கள் கடகடவென்று ஆடின. மாப்பிள்ளையின் அம்மா மெதுவாகச் சொன்னார்: "பாவம், பிள்ளைக்கு என்ன கூச்சம்!"

கூச்சமா? எனக்குக் காதுக்குள் ரயில் ஓடிக்கொண்டிருந்தது. பெரியவருக்கு முதுகுப் பக்கம்தானே காலண்டர், அவர் திரும்பாத வரைக்கும் பிழைத்தோம் என்று கணக்குப் போட்டேன். அப்போதுதான் எதிர்நாற்காலியில் இருந்த மாப்பிள்ளையைக் கவனித்தேன். (அவர் பெயரைச் சொல்ல மாட்டேன். இத்தனை வருஷப் பழக்கத்தை இப்போது எதற்கு மாற்றுவது?) பெண் பார்க்க வந்தவர் பெண்ணைப் பார்க்கவே இல்லை. சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். வாய் நிறைய கேசரி. உதடு லேசாக அசைந்தது. படிக்கிறார்!

கொஞ்ச நேரம் மழை, விளைச்சல், சீசன் என்று பேச்சு போனது. பிறகு பெரியவர் இடுப்பில் இருந்து கடிகாரத்தை எடுத்துப் பார்த்தார்.

"அண்ணாச்சி, எங்களுக்குப் பிள்ளையப் பிடிச்சிருக்கு. வெத்தல பாக்கு மாத்திருவோம். ஆனா இன்னைக்கு அஷ்டமி பொறக்குது. அதுக்கு முந்தி மாத்திரணும். பதினோரு மணி சொச்சம்னு பாத்தேன், சொச்சம் எம்புட்டுன்னுதான் மறந்துபோச்சு. கண்ணாடி கார்ல இருக்கு, கார் பஞ்சர் ஒட்டப் போயிருக்கு." அப்படியே என் பக்கம் திரும்பினார். "எஸ்.எஸ்.எல்.சி. படிச்ச பிள்ளதான? தாயி, அந்தக் காலண்டரப் பாத்துச் சொல்லு."

கூடம் முழுக்க என்னைப் பார்த்தது. அம்மா பெருமையோடு பார்த்தாள். அதுதான் தாங்க முடியவில்லை.

காலண்டர் முன்னால் போய் நின்றேன். இப்போது நினைத்தால் சிரிப்பாக இருக்கிறது. வாய்க்கு வந்த ஒரு மணியைச் சொல்லியிருக்கலாம். அந்த யோசனை எனக்கு வந்தது மூன்று நாள் கழித்து, கிணற்றடியில். அந்த நேரத்தில் எனக்குள் இருந்தது, இன்ஸ்பெக்டர் வந்தால் எழுந்து நின்று பாடம் வாசிக்கிற பள்ளிக்கூடத்துப் பிள்ளை மட்டும்தான். அந்தப் பிள்ளை, எழுதியிருந்ததை அப்படியே வாசித்தது.

"திதி: கேட்கக் கூடாது."

"என்னது?"

"திதி... கேட்கக் கூடாதுன்னு போட்டிருக்குங்க."

அய்யா இருமினார். பெரியவர் எழுந்தார். காலண்டரை எட்டிப் பிடித்து, கையை நீட்டினார். இன்னும் நீட்டினார். கண்ணாடி இல்லாததால் தலையைப் பின்னால் சாய்த்துக்கொண்டு, சத்தமாக வாசிக்க ஆரம்பித்தார்.

"தேதி முப்பத்தேழு." நிறுத்தினார். "முப்பத்தேழா?"

"அச்சுப் பிழையா இருக்கும்," என்றார் அய்யா, அண்ணனைப் பார்த்து.

அண்ணனுக்கு ரோஷம் வந்துவிட்டது. "எங்க பிரஸ் வேல இல்லைங்க. நாங்க முப்பத்தொண்ணோட நிறுத்திருவோம்."

"மத்தாப்புக்கிழமை," என்று வாசித்தார் பெரியவர். "நட்சத்திரம்: எண்ணி முடியவில்லை. ராகு காலம்: ராகு உறங்கும் நேரம், சத்தம் போடாதீர்கள். சூலம்: துருப்பிடித்துவிட்டது." ஒவ்வொன்றுக்கும் குரல் ஏறியது. "இன்று ராணி தூங்கும் நாள். எழுப்புகிறவர்கள் பாயசம் வைத்துத் தர வேண்டும்."

அவ்வளவுதான். மாப்பிள்ளைக்குக் கேசரி புரையேறிவிட்டது. முகம் தக்காளியாகி, கண்ணில் நீர் கொட்டியது. அவருடைய அம்மா முதுகைத் தட்டினார். அவர் சிரிக்கிறாரா, சாகப்போகிறாரா என்று எனக்குத் தெரியவில்லை. நான் செத்துப் போக ரெடியாக இருந்தேன்.

"இது யாரு எழுதுனது?" என்றார் பெரியவர்.

எல்லார் கண்ணும் என் மேல் வந்து நின்றது. "நான்தாங்க," என்றேன். எனக்கே கேட்கவில்லை.

"ஏலே, நம்ம பழைய காலண்டர எடுத்துட்டு வாலே!" என்று அய்யா அண்ணனை விரட்டினார். அதை அம்மா பரணில் போட்டிருந்தாள். அண்ணன் பரணில் ஏறினான். மேலே பித்தளைப் பாத்திரம் உருண்டது. ஒட்டடை கொட்டியது. முகமெல்லாம் கரியோடு இறங்கி வந்து காலண்டரை நீட்டினான். அம்மாதான் எழுத்துக்கூட்டி வாசித்தாள். பெரியவர் கடிகாரத்தைப் பார்த்தார்.

"பொறந்திருச்சு," என்றார். "இப்பத்தான், ரெண்டு நிமிஷம் முந்தி."

வெற்றிலைத் தட்டு வெற்றிலைத் தட்டாகவே இருந்தது. பஞ்சர் ஒட்டி வந்த காரில் ஏறும்போது அவர் சொன்ன ஒரே வார்த்தை: "பாப்போம் அண்ணாச்சி." எங்கள் பக்கம் 'பார்ப்போம்' என்றால் இனிமேல் பார்க்க மாட்டோம் என்று அர்த்தம்.

அதற்குப் பிறகு வந்த நாட்கள் எதிரிக்கும் வரக்கூடாது. அம்மா ஏசவில்லை, ஏசியிருந்தால் தேவலை. கரண்டியை வைக்கிற சத்தத்திலேயே எல்லாவற்றையும் சொன்னாள். அய்யா கடைக்குக் கொஞ்சம் சீக்கிரமாகவே கிளம்பினார். பொண்ணுக்குக் கிழமை தெரியாதாம் என்று தெருவில் பேச்சு கிளம்பிவிட்டது. அடுத்த வீட்டு மாரியம்மாக்கா சுவருக்கு அந்தப் பக்கத்தில் இருந்து தலையை நீட்டி, ரொம்பப் பாசமாக, "ஏ கனி, இன்னைக்கு என்ன கிழமை?" என்று கேட்பாள். "சனிக்கிழமைக்கா," என்று நான் சொன்னால், தேறிவருகிற நோயாளியைப் பார்ப்பது போலத் தலையாட்டிவிட்டுப் போவாள். இனிமேல் எந்த வரன் வந்தாலும் இந்தக் கதை எனக்கு முன்னால் கூடத்துக்குள் போய் உட்கார்ந்துகொள்ளும் என்று தெரிந்துவிட்டது. ராத்திரியெல்லாம் ஒரே ஒரு விஷயம் மட்டும் குடைந்தது. அந்தப் பையன் சிரித்தாரா, நிஜமாகவே புரையேறியதா?

பத்துப் பன்னிரண்டு நாள் கழித்து, ஒரு மத்தியானம், பெரியவர் தன்னந்தனியாக வந்து நின்றார். அய்யாவுக்கு ஆள் அனுப்பினோம். அவர் மூச்சிரைக்க ஓடிவந்தார். அம்மா கதவுக்குப் பின்னால் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"சாப்பிட்டீகளா?" என்றார் அய்யா.

"ஆச்சு அண்ணாச்சி. அந்தக் காலண்டர் இருக்கா?"

இருந்தது. லட்சுமி படம் இருந்ததால் அம்மாவுக்குக் கிழிக்க மனசு வரவில்லை. அரிசிப் பானைக்குப் பின்னால் சுவரைப் பார்க்கத் திருப்பி வைத்திருந்தாள். கொண்டுவந்து கொடுத்தோம். இந்தத் தடவை கண்ணாடி போட்டிருந்தார். மடியில் வைத்துக்கொண்டு தாள் தாளாகப் புரட்டினார்.

"தாயி, இங்கன வா," என்றார். போனேன்.

"ரெண்டு நிலான்னு எழுதியிருக்க. அப்ப ரெண்டு அமாவாச வரணும்ல? நீ மாசத்துக்கு ஒரு அமாவாசதான் போட்டிருக்க. அன்னைக்கு அந்தத் தாள்லயே அடியில பெரிசா போட்டிருந்தது கண்ணுல பட்டுச்சு. இங்கன இருந்து போனதுல இருந்து எனக்கு இதே ரோசனையா இருக்கு. தூக்கமே வரல."

நான் அவர் முகத்தைப் பார்த்தேன். கேலி ஒன்றும் இல்லை. வருஷப் பஞ்சாங்கத்தில் தப்புக் கண்டுபிடித்த ஆள் போலவே கவலையோடு இருந்தார். எனக்கு எங்கிருந்தோ தைரியம் வந்தது. என் தேசத்தைத் தப்பு என்று சொன்னால் விட முடியுமா?

"சின்ன நிலாவுக்கு அமாவாசை கிடையாதுங்க. அது சூரியன்கிட்ட வெளிச்சம் வாங்கல. சொந்தமா எரியுது."

"சொந்தமாவா?" கண்ணாடியைக் கழற்றினார். "அப்ப அதுல என்ன மருந்து?"

இந்தக் கேள்வியை நான் எதிர்பார்க்கவில்லை. "அது... இன்னும் முடிவு பண்ணலங்க."

"வெள்ளையா எரியுதா, மஞ்சளா எரியுதா?"

"வெள்ளைங்க."

"அப்ப அலுமினியப் பொடி," என்றார். முடிவாகவே சொன்னார். பெரியவர் கடைசித் தாள்களுக்குப் போனார். "இந்தப் பேரில்லா நாள்ல கம்பெனி உண்டா?"

"லீவுங்க."

"சம்பளம்?"

நான் அதையும் யோசித்திருக்கவில்லை. ஆனால் ஏசக்கூடாத நாளாயிற்றே. "குடுக்கணும்ங்க."

அவர் சிரித்தே விட்டார். அந்த மனிதருக்குப் பல் இருப்பது அன்றுதான் தெரிந்தது. பிறகு காலண்டரை மூடி, அய்யா பக்கம் திரும்பினார்.

"அண்ணாச்சி, ஊர்ல என்னைய நேரம் பாக்குற கிறுக்கன்னுதான் சொல்லுவாக. காலையில அம்புட்டுப் பேரையும் மருந்துக்குள்ள அனுப்புறேன். சாயங்காலம் அவுக பத்திரமா வெளிய வர்ற வரைக்கும் எனக்கு மூச்சு சரியா வராது. ஒண்ணும் பண்ண முடியாது. அதனால நேரம் பாக்குறேன். இந்தப் பிள்ள என்னடான்னா உக்காந்து, அஷ்டமியே இல்லாம ஒரு வருசம் பண்ணிருக்கு. எம் மகன் வீட்டுக்கு வந்து ரெண்டு நாள் நெனச்சு நெனச்சுச் சிரிச்சான். அவன் அப்படிச் சிரிச்சு நான் பாத்ததில்ல."

சிரித்திருக்கிறார்! கதவுக்குப் பின்னால் போய் நின்று நான் அழுதேன். அம்மா, "இப்ப எதுக்குடி அழுகுற?" என்று கேட்டுவிட்டு அவளும் அழுதாள்.

வெற்றிலை பாக்கு அடுத்த வாரமே மாற்றினோம். மணியை அவரே பார்த்துச் சொன்னார். என்னை யாரும் கேட்கவில்லை. கல்யாணம் தாயில்பட்டியில் நடந்தது. எங்கள் வீட்டில் நடக்காத காரியத்துக்கு இன்றைக்கும் "முப்பத்தேழாம் தேதி" என்றுதான் பெயர். குற்றாலம் எப்போது கூட்டிப்போவீர்கள் என்று பிள்ளைகள் கேட்டால் இவர் அந்தத் தேதியைத்தான் சொல்வார். என் பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் அதைச் சொல்லி அடி வாங்கியதும் உண்டு.

பல வருஷம் கழித்து எங்கள் மகனுக்குப் பெண் பார்க்க ராஜபாளையம் போனோம். நல்ல குடும்பம். கூடத்தில் எல்லாரையும் உட்காரச் சொன்னார்கள். என் வீட்டுக்காரர் மட்டும் உட்காரவில்லை. நேரே சுவருக்குப் போனார். அங்கே தொங்கின காலண்டரை நிதானமாகப் பார்த்தார். பிறகு எங்கள் பக்கம் திரும்பி, "தேதி சரியாத்தான் இருக்கு, பேசலாம்," என்றார். எனக்கும் என் பிள்ளைகளுக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை. பெண்ணின் அப்பா பாவம், வெலவெலத்துப் போய், "என்ன, எதுவும் குறையா?" என்று கேட்டார்.

"ஒண்ணும் இல்லைங்க," என்றேன். அதற்குள் என் மாமனார், அந்த வயசிலும் கம்பை ஊன்றி மெல்ல எழுந்து, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, தானும் ஒரு தடவை பார்த்துவிட்டு வரக் கிளம்பியிருந்தார்.